எங்கள் வீட்டுக் கள்ளி

'கள்ளி' என்னும் சொல்லுக்குத் தமிழில் இரண்டு பொருள் உண்டு. ஒன்று, வேலியோரத்தில் முள்ளும் பாலுமாக நிற்கும் செடி. மற்றொன்று, பிறர் பொருளைத் திருடும் பெண். சிறு வயதில் எனக்கு முதற்பொருள் தெரியாது. இரண்டாவது பொருள் மட்டும் வெகு நன்றாகத் தெரியும். ஏனென்றால், என் தாத்தா தம் மூத்த மகளை, அதாவது என் அத்தையை, கோபம் வந்தபோதெல்லாம் அந்தப் பெயர் சொல்லித்தான் அழைப்பார். அவருக்குக் கோபம் வராத நாள் என்று ஒன்று இருந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை.

தாத்தா பிரெஞ்சுப் படையில் சிப்பாயாகச் சேர்ந்து சைகோனுக்குப் போனவர். புதுச்சேரியில் அப்படிப்பட்டவர்களுக்குச் 'சொல்தா' என்று பெயர். 1954-ஆம் ஆண்டு நவம்பர் 1-ந் தேதி ஊர் இந்திய நிர்வாகத்துக்கு மாறியது. 1962-ஆம் ஆண்டு ஆகஸ்டு 16-ந் தேதி சட்டப்படியும் இந்தியாவுடன் சேர்ந்தது. கொடி இறங்கினாலும் சொல்தாக்களின் பென்ஷன் நிற்கவில்லை. மாதம் தவறாமல் வந்து கொண்டிருந்தது. அதைக் காட்டிலும் தாத்தாவுக்குப் பெரிதாக இருந்தது அவருடைய மெடல். கண்ணாடிப் பெட்டியில் பட்டுத் துணியின்மேல் வைத்திருப்பார். வருஷத்தில் ஒரு நாள், ஜூலை 14-ந் தேதியன்று, அது வெளியே வரும். சட்டையில் குத்திக்கொண்டு கடற்கரைக்குப் புறப்படுவார். அங்கே 1914 முதல் 1918 வரை நடந்த யுத்தத்தில் பிரான்சுக்காக உயிர்விட்ட புதுவை வீரர்களுக்கு எழுப்பிய நினைவுச் சின்னம் இருக்கிறதல்லவா? அதன் முன் மலர் வளையம் வைப்பார்கள். மெடல் அணிந்த கிழவர்கள் வரிசையாக நிற்பார்கள். தாத்தாவும் நிற்பார். வீடு திரும்பும்போது முதுகு ஓர் அங்குலம் நிமிர்ந்திருக்கும்.

அப்படி அவர் நிமிர்ந்து வந்த ஒரு ஜூலை 14-ந் தேதியன்று தான் நான் அகப்பட்டுக்கொண்டேன்.

அது 1985-ஆம் ஆண்டு. எனக்கு வயது பதின்மூன்று. சிவகாசியில் 'லயன் காமிக்ஸ்' என்ற சித்திரக்கதைப் பத்திரிகை முந்திய வருஷம் ஜூலையில்தான் ஆரம்பமாகியிருந்தது. அதன் முதல் இதழ் 'கத்தி முனையில் மாடஸ்டி'. அந்த இதழ் எங்கள் பள்ளிக்கூடத்தில் கைமாறிக் கைமாறி, அட்டை கிழிந்து, மூலை மடங்கி, ஒரு வருஷம் கழித்து என்னிடம் வந்து சேர்ந்தது. கூடத்துத் தூணின் மறைவில் உட்கார்ந்து உலகத்தை மறந்து படித்துக்கொண்டிருந்தேன். தாத்தா வந்ததைக் கவனிக்கவில்லை.

"என்னடா அது?" என்றார்.

"காமிக்ஸ், தாத்தா."

"இந்தப் பொம்பிளை யார்?"

பயத்தில் எனக்கு நல்ல பதில் தோன்றவில்லை. உள்ளதைச் சொல்லிவிட்டேன். "முன்னே கொள்ளைக் கூட்டத்துக்குத் தலைவியாக இருந்தவள், தாத்தா. இப்போது நல்லவளாகிவிட்டாள்."

தாத்தா புத்தகத்தைப் பிடுங்கி அலமாரியின் உச்சியில் எறிந்தார். பிறகு அடுக்களைப் பக்கம் திரும்பி, "இந்த வீட்டிலே ஒரு கள்ளி இருக்கிறது போதாதென்று, புஸ்தகத்திலே வேறு கள்ளியா?" என்று உரக்கச் சொன்னார்.

அடுக்களையில் பாத்திரம் தேய்க்கும் ஓசை ஒரு கணம் நின்றது. பிறகு மறுபடியும் கேட்கத் தொடங்கியது. என் தகப்பனார் சாய்வு நாற்காலியில் உட்கார்ந்து பத்திரிகை வாசித்துக்கொண்டிருந்தார். அவர் தலை நிமிரவில்லை.

இங்கே என் தகப்பனாரைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். அவர் தமிழாசிரியர். மணிமேகலையில் வரும் ஆபுத்திரன் கதையை அவர் நடத்தினால் வகுப்பில் ஊசி விழுந்தால் ஓசை கேட்கும் என்பார்கள். வேள்வியில் பலியிட வைத்திருந்த பசுவை இரவோடிரவாக ஆபுத்திரன் ஓட்டிச் சென்றான். ஊரார் அவனைப் பசுத் திருடன் என்று தூற்றி அடித்துத் துரத்தினார்கள். பின்னால் அவன் கைக்கே அமுதசுரபி வந்தது, பசித்தவர்க்கெல்லாம் சோறிட்டான். "பசுவைக் கவர்ந்தவன் திருடனா? நீங்களே சொல்லுங்கள்!" என்று என் தகப்பனார் மாணவர்களைப் பார்த்துக் கேட்பார். கேட்கும்போது கண் கலங்கிவிடும். ஆனால் வீட்டில் தம் அக்காளைக் கள்ளி என்று தாத்தா ஏசும்போது மட்டும் அவருக்குப் பத்திரிகையில் ஏதாவது முக்கியமான சமாசாரம் அகப்பட்டுவிடும்.

அத்தை இளம் வயதிலேயே விதவையாகிப் பிறந்த வீட்டுக்குத் திரும்பியவள். சமையல், துவையல், தாத்தாவுக்கு வெந்நீர், எங்களுக்கு எண்ணெய்க் குளியல் எல்லாம் அவள் பொறுப்பு. சாவிக்கொத்து மட்டும் அவளிடம் இருந்ததில்லை. ஒரு கல்யாண வீட்டில் யாருடைய மோதிரமோ காணாமல் போயிற்று. யாரும் வாய் திறந்து ஒன்றும் சொல்லவில்லை; பத்துப் பன்னிரண்டு ஜோடிக் கண்கள் மட்டும் அத்தை பக்கம் திரும்பின. அரை மணி கழித்து அது கிணற்றடியில் சோப்புப் பெட்டிக்குள் அகப்பட்டது. கண்கள் வேறு பக்கம் திரும்பிக்கொண்டன. அத்தை கறிகாய் நறுக்கிக்கொண்டே இருந்தாள்.

அன்று தாத்தா அலமாரி உச்சியில் எறிந்த புத்தகம் மறுநாள் அங்கே இல்லை. ஒரு வாரம் கழித்து என் தலையணைக்கு அடியில் இருந்தது. கிழிந்த அட்டையைச் சோற்றுப் பசையால் யாரோ ஒட்டியிருந்தார்கள்.

"அத்தை, நீங்கள் படித்தீர்களா?" என்று காதோடு கேட்டேன்.

"படித்தேன், ராசா. கெட்டிக்காரப் பெண்" என்றாள். அதற்குமேல் ஒன்றும் சொல்லவில்லை.

*

இந்த மாடஸ்டி பிளைஸி யார் என்பதைச் சித்திரக்கதை படிக்காத நேயர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். அவளைப் படைத்தவர் பீட்டர் ஓ'டொனல் என்ற ஆங்கில எழுத்தாளர். படம் வரைந்து தொடங்கி வைத்தவர் ஜிம் ஹோல்டவே. 1963-ஆம் ஆண்டு மே மாதம் லண்டன் மாலைப் பத்திரிகை ஒன்றில் தொடங்கிய கதை 2001-ஆம் ஆண்டு வரையில் நடந்தது. கதைப்படி அவள் இரண்டாம் உலக யுத்தத்தில் சகலத்தையும் இழந்த ஓர் அநாதைச் சிறுமி. தன் பெயர் தெரியாது. பெற்றோர் யார், ஊர் எது என்பதும் ஞாபகத்திலிருந்து அழிந்துவிட்டது. யுத்தம் முடிந்த 1945-ஆம் ஆண்டில் கிரேக்க நாட்டு அகதி முகாம் ஒன்றிலிருந்து தப்பி ஓடுகிறாள். ஹங்கேரி நாட்டிலிருந்து வந்த வயோதிகப் பேராசிரியர் ஒருவர், அவரும் ஓர் அகதிதான், அவளுக்குத் துணையாகிறார். அவள் அவரைக் காப்பாற்றுகிறாள். அவர் அவளுக்குக் கல்வி தருகிறார். 'மாடஸ்டி' என்ற பெயரும் அவர் இட்டதுதான். அவருக்குப் பின் அவள் மொராக்கோவிலுள்ள டாஞ்சியர் துறைமுகத்தில் ஒரு கொள்ளைக் கூட்டத்துக்குத் தலைவியாகிறாள். அந்தக் கூட்டத்தைத் தேசம் தேசமாக விரிக்கிறாள். போதை மருந்து வியாபாரத்துக்கும் பெண்களை விற்கும் தொழிலுக்கும் மட்டும் அவள் கூட்டத்தில் இடமில்லை. பணம் போதுமென்று ஆனதும் தொழிலை விட்டு இங்கிலாந்தில் குடியேறுகிறாள். அதன் பிறகுதான் ஆங்கிலேய ரகசிய இலாகாவுக்கு உதவி செய்யும் சாகஸங்கள் ஆரம்பமாகின்றன.

ஆகவே, கதை தொடங்குமுன் அவள் சாதாரண வில்லியல்ல. பல தேசத்துப் போலீசாரும் தேடிய பெரிய வில்லி.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. சிவகாசியிலிருந்தே 1972-ஆம் ஆண்டில் 'முத்து காமிக்ஸ்' வெளிவந்தது. அதன் முதல் இதழின் நாயகர் இரும்புக்கை மாயாவி. அவரும் ஆரம்பத்தில் குற்றத்தில் இறங்கிப் பிறகு திருந்தியவர்தான். அவர் கதையைப் படித்தபோது எங்கள் வீட்டில் யாரும் புத்தகத்தைப் பிடுங்கவில்லை. தாத்தாவே ஒரு நாள் படத்தைப் பார்த்துவிட்டு, "பேஷ், கை நன்றாயிருக்கிறது!" என்றார். ஆண் பிள்ளை திருடினால் அது அவன் கதையில் ஓர் அத்தியாயம். பெண் திருடினால் அதுவே அவள் பெயராகிவிடுகிறது!

*

தாத்தா 1991-ஆம் ஆண்டில் காலமானார். மெடல் கண்ணாடிப் பெட்டியிலேயே இருந்தது. 'கள்ளி' என்று கூப்பிட ஆளில்லை. ஆனாலும் அந்தச் சொல் வீட்டை விட்டுப் போய்விட்டதாகச் சொல்ல முடியாது. சாவிக்கொத்து என் தாயார் இடுப்புக்கு மாறியதே தவிர அத்தையிடம் வரவில்லை.

2010-ஆம் ஆண்டு மே மாதம் பீட்டர் ஓ'டொனல் தமது தொண்ணூறாவது வயதில் இறந்தார். அப்போதுதான் மாடஸ்டி பிறந்த விதம் எனக்குத் தெரிய வந்தது. அன்று மாலை தாழ்வாரத்தில் முருங்கைக் கீரை ஆய்ந்துகொண்டிருந்த அத்தையிடம் போய் உட்கார்ந்தேன். அவளுக்கு அப்போது எழுபத்தைந்து வயது.

"அத்தை, மாடஸ்டி ஞாபகம் இருக்கிறதா? அவள் வெறும் கற்பனை இல்லையாம்" என்று ஆரம்பித்துச் சொன்னேன்.

1942-ஆம் ஆண்டில் ஓ'டொனல் ஆங்கிலேயப் படையில் வானொலிச் செய்திப் பிரிவில் இருந்தார். வட பாரசீகத்தில் முகாம். யுத்தத்துக்குத் தப்பிய அகதிகள் அந்த வழியாக வந்துகொண்டிருந்தார்கள். ஒரு நாள் சுமார் பன்னிரண்டு வயதுள்ள ஒரு சிறுமி தன்னந்தனியாக வந்தாள். ஒரு சிறு மூட்டை. கழுத்தில் கயிற்றில் தொங்கும் ஆயுதம். அந்த ஆயுதம் என்னவென்றால், ஒரு மரத்துண்டில் கட்டிய ஆணி! சிப்பாய்கள் உணவு கொடுத்தார்கள். அவள் கிட்டே வர யோசித்தாள்; பிறகு சாப்பிட்டாள். சாப்பிட்ட பாத்திரத்தைக் கழுவி வைத்தாள். வழிக்கு வேண்டுமென்று சில உணவு டின்களும், அவற்றைத் திறக்க ஒரு திறப்பானும் கொடுத்தார்கள். அவள் ஒரு முறை சிரித்துவிட்டு, ராஜகுமாரி போல் நிமிர்ந்து நடந்து போய்விட்டாள். பெயர்கூடத் தெரியாது. இருபது வருஷம் கழித்து ஒரு கதாநாயகி தேவைப்பட்டபோது, அந்தச் சிறுமி வளர்ந்தால் எப்படியிருப்பாள் என்று அவர் யோசித்தார். அவள்தான் மாடஸ்டி.

அத்தை கீரையைக் கீழே வைத்தாள்.

"நல்ல மனுஷர். டின்னைக் கொடுத்ததோடு நில்லாமல் திறக்கிறதுக்கும் கொடுத்தாரே! எனக்கு ஆணியும் கல்லும்தான் இருந்தது" என்றாள்.

நான் திடுக்கிட்டுப் பார்த்தேன். அறுபத்தைந்து வருஷமாக அவள் யாரிடமும் சொல்லாததை அன்று சொன்னாள்.

அத்தை சைகோனில் பிறந்தவள். 1945-ஆம் ஆண்டு மார்ச் 9-ந் தேதி இரவு, அதுவரை இந்தோசீனத்தில் பிரெஞ்சு ஆட்சியை விட்டு வைத்திருந்த ஜப்பானியர் திடீரென்று பிரெஞ்சுப் படையை வளைத்துப் பிடித்தார்கள். தாத்தாவும் பிடிபட்டு முகாமில் அடைபட்டார். பாட்டி இரண்டு குழந்தைகளோடு தனியாக நின்றாள். மழைக்காலத்தில் ஒரு ஜுரம் வந்தது. பத்தே நாளில் அவள் போய்விட்டாள். அத்தைக்குப் பத்து வயது. என் தகப்பனாருக்கு நாலு வயது. அண்டை வீட்டார் திண்ணையில் படுத்துக்கொள்ள இடம் கொடுத்தார்கள். அவர்களுக்கும் குழந்தைகள் இருந்தன.

ஆகஸ்டில் ஜப்பான் சரணடைந்தது. கஷ்டம் தீர்ந்ததா என்றால், இல்லை. பிரெஞ்சு ஆட்சி திரும்பக் கூடாதென்று வியத்நாமியர் கிளம்பினார்கள். செப்டம்பரில் ஆங்கிலேயர் இருபதாவது இந்தியப் படைப் பிரிவைச் சைகோனில் கொண்டு வந்து இறக்கினார்கள். அடிமைப்பட்டிருந்த நம் நாட்டுச் சிப்பாய்களை, விடுதலை கேட்ட இன்னொரு ஜனத்தின்மேல் ஏவியதை நேரு முதலிய தலைவர்கள் கண்டித்தது சரித்திரத்தில் இருக்கிறது. நகரத்தில் பொது வேலை நிறுத்தம். சந்தை மூடிக் கிடந்தது. வெளியிலிருந்து அரிசியும் காயும் வருவது நின்றது.

"உன் அப்பா அழுகிறதை நிறுத்திவிட்டான், ராசா. குழந்தை அழுதால் பயமில்லை. அழாமல் படுத்துக் கிடந்தால்தான் பயம்" என்றாள் அத்தை. "அண்டை வீட்டில் இரண்டு கை அரிசி எடுத்தேன். அது நிஜம். அப்புறம் சிப்பாய்கள் லாரியிலிருந்து சாமான் இறக்குகிற இடத்துக்குப் போய், கெட்டிப்பால் டின் எடுத்தேன். ஆணியை வைத்துக் கல்லால் அடித்து ஓட்டை போட்டு, உன் அப்பாவுக்குத் தண்ணீரில் கரைத்துக் கொடுத்தேன்."

"யாரும் பார்க்கவில்லையா, அத்தை?"

"ஒரு நாள் ஒரு சிப்பாய் பார்த்துவிட்டான். தலைப்பாகை கட்டினவன். நம் தேசத்து ஆள்தான். டின் என் கையில் இருக்கிறது. ஓட வேண்டுமென்று நினைக்கிறேன், கால் வரவில்லை. அவன் என்னைப் பார்த்தான், டின்னைப் பார்த்தான், அப்புறம் ஆற்றில் போகிற படகைப் பார்க்கிறவன் போல் அந்தப் பக்கம் திரும்பி நின்றுகொண்டான். அவன் முகம் இன்னும் எனக்கு ஞாபகம் இருக்கிறது."

சில மாதம் கழித்துத் தாத்தா எலும்பும் தோலுமாக விடுதலையாகி வந்தார். மனைவி இறந்த செய்தியைச் சொன்ன அண்டை வீட்டார், மகளுடைய கை நீளத்தைப் பற்றியும் சொன்னார்கள். தாத்தாவுக்கு மானம் பெரிது. அன்று அத்தைக்கு விழுந்த அடியின் தழும்பு முழங்கைக்கு மேலே இருந்தது. அது எண்ணெய் சுட்டதென்று அவள் எங்களுக்குச் சொல்லியிருந்தாள்.

"எப்படியம்மா பிழைத்தீர்கள் என்று அவர் கேட்கவே இல்லை. என்ன எடுத்தாய், எத்தனை தடவை எடுத்தாய் என்றுதான் கேட்டார்" என்றாள். பிறகு, "அவரும் பாவம், பட்டினி கிடந்து வந்தவர்" என்று சேர்த்துக்கொண்டாள்.

அறை வாசலில் நிழல் தெரிந்தது. என் தகப்பனார் நின்றுகொண்டிருந்தார். எவ்வளவு நேரமாக நின்றாரோ தெரியாது. கையில் பத்திரிகை இல்லை.

"அக்கா, அந்தப் பாலில் நீ ஒரு வாயாவது குடித்தாயா?" என்று கேட்டார்.

"டின்னைக் கழுவின தண்ணீரைக் குடித்தேன், தம்பி. அதுவும் இனிப்பாகத்தான் இருந்தது."

என் தகப்பனார் தரையில் உட்கார்ந்துவிட்டார். "எனக்கு ஞாபகம் இருக்கிறது. அந்தப் பாலின் ருசி இருக்கிறது. அப்பா உன்னை அடித்ததும் ஞாபகம் இருக்கிறது. நான் கதவுக்குப் பின்னால் நின்றேன். நான்தான் குடித்தேன் என்று சொல்லவில்லை" என்றார்.

"நாலு வயதில் என்னடா சொல்வாய்?"

"நாற்பத்து நாலு வயதில் சொல்லியிருக்கலாமே, அக்கா!"

அத்தை ஒன்றும் பதில் சொல்லவில்லை. முறத்தை அவர் பக்கம் நகர்த்தினாள். என் தகப்பனாரும் கீரை ஆயத் தொடங்கினார். ஆயுளில் முதல் தடவை. காம்பையெல்லாம் கீரையோடு சேர்த்தார். அத்தை அவற்றைப் பொறுக்கி அப்புறப்படுத்திக்கொண்டே இருந்தாள்.

மறுநாள் காலையில் சாவிக்கொத்தை என் தாயார் அத்தையிடம் கொண்டு வந்து கொடுத்தாள். அத்தை சிரித்தாள். "இந்த வயதில் இதன் கனத்தை யார் சுமக்கிறது? நீயே வைத்துக்கொள், அம்மா" என்று திருப்பிக் கொடுத்துவிட்டாள்.

*

யுத்தம் என்ன செய்கிறதென்று பெரிய புத்தகங்களில் கணக்குப் போட்டிருக்கிறார்கள். எத்தனை கப்பல் மூழ்கியது, எத்தனை நகரம் எரிந்தது என்பதெல்லாம் அவற்றில் உண்டு. எங்கள் வீட்டுக் கணக்கு மிகச் சிறியது. ஒரே யுத்தம் தகப்பனுக்கு மெடலும் பென்ஷனும் கொடுத்தது. மகளுக்குக் கள்ளி என்ற பட்டத்தைக் கொடுத்தது. தகப்பன் சிறையில் இருந்தான். மகள் ஓர் உயிரைக் காப்பாற்றினாள். ஆனாலும் வருஷா வருஷம் கடற்கரையில் நிமிர்ந்து நின்றவர் அவர். அடுக்களையில் குனிந்து நின்றவள் இவள்.

தாத்தாவைக் குறை சொல்லி நான் தப்பித்துக்கொள்ளப் போவதில்லை. மாடஸ்டியின் கொள்ளைக் கூட்டத்தை ஒரு பக்கத்தில் மன்னித்துவிட்டு அடுத்த பக்கத்தைப் புரட்டியவன் நான். பக்கத்து அறையில் இருந்தவளிடம், "அத்தை, அவர் ஏன் உங்களை அப்படி அழைக்கிறார்?" என்று கேட்க எனக்கு இருபத்தைந்து வருஷமும், சீமையில் ஒரு கதாசிரியரின் மரணமும் வேண்டியிருந்தன. பாரசீகத்தில் அந்தச் சிறுமியைப் பார்த்தவர், ஆணியைக் கண்டு இவள் யாரைக் குத்தினாளோ என்று நினைக்கவில்லை. இவள் என்னவெல்லாம் பட்டாளோ என்று நினைத்தார். அதனால் உலகத்துக்கு ஒரு கதாநாயகி கிடைத்தாள். அப்படி நினைக்க எங்கள் வீட்டில் ஆளில்லாமற் போயிற்று.

அத்தை 2016-ஆம் ஆண்டில் காலமானாள். அவளுடைய தகரப் பெட்டியில் இரண்டு புடவையும், பிரிக்காத கெட்டிப்பால் டின் ஒன்றும், என்னுடைய பழைய மாடஸ்டி புத்தகமும் இருந்தன. ஞாயிற்றுக்கிழமைகளில் காந்தி வீதிச் சந்தையில் பழைய புத்தகம் விற்பவர்களிடம் அந்த முதல் இதழை எத்தனையோ வருஷம் தேடியிருக்கிறேன். அது வீட்டிலேயே இருந்திருக்கிறது!

என் தகப்பனாருக்கு இப்போது எண்பது தாண்டிவிட்டது. ஆபுத்திரன் கதை சொல்வதை நிறுத்திவிட்டார். அதற்குப் பதிலாக என் மகளை அருகில் உட்கார வைத்துக்கொண்டு, "எங்கள் அக்கா சைகோனில் ராணுவ லாரியிலிருந்து பால் டின் திருடினாள் தெரியுமா?" என்று ஆரம்பிக்கிறார். 'திருடினாள்' என்ற சொல்லை அவர் சொல்லும் கம்பீரத்தைக் கேட்க அத்தை இல்லை.

சென்ற ஜூலை 14-ந் தேதியன்று அந்தக் கதையைக் கேட்டு முடித்த குழந்தை, கண்ணாடிப் பெட்டியைப் பார்த்து, "இது அந்தப் பாட்டிக்குக் கொடுத்த மெடலா, தாத்தா?" என்று கேட்டாள்.

"இல்லை, அம்மா. அவளுக்கு நாங்கள் ஒன்றுமே கொடுக்கவில்லை" என்றார் என் தகப்பனார்.